க்ளீவ்: பிளப்பதா, ஒட்டுவதா?

ஆங்கில அகராதியில் 'க்ளீவ்' என்ற வினைச்சொல்லைத் தேடினால் 'பிள' என்று ஒரு பதிவு இருக்கும். அதற்கு அடுத்த பதிவிலேயே 'விடாமல் ஒட்டிக்கொள்' என்று இருக்கும். எழுத்தும் உச்சரிப்பும் ஒன்றுதான், பொருள் மட்டும் நேரெதிர். சி, எல், இ, ஏ, வி, இ என்று எழுத வேண்டும். 'லீவ்' என்பதற்கு முன்னால் ஒரு 'க்' சேர்த்தால் உச்சரிப்பு வந்துவிடும்.

அன்றாடப் பேச்சில் இந்தச் சொல் அபூர்வம். ஆனால் ஃபைபர் கேபிள் இணைப்பவர், உயிர்வேதியியல் மாணவர், கனிமங்களைப் படிப்பவர், கருத்தரிப்பு மையத்தின் அறிக்கையைக் கையில் வைத்திருப்பவர், பழைய ஆங்கில பைபிளைப் புரட்டுபவர் என்று பலரும் எப்போதாவது இதில் முட்டிக்கொள்வார்கள். இதற்கு ஐந்தாறு வடிவங்கள் உண்டு. படிக்கும்போது எல்லாவற்றையும் அடையாளம் காணத் தெரிந்தால் போதும். சொந்தமாக எழுதும்போது 'க்ளீவ்', 'க்ளீவ்ட்' என்ற இரண்டோடு நிறுத்திக்கொள்வது நல்லது. மற்றவை சில நிலைத்த தொடர்களுக்குள் மட்டும் வாழ்கின்றன.

இது ஒரு சொல் அல்ல, இரண்டு

ஒரே சொல் எப்படி எதிரெதிர்ப் பொருள் தரும் என்று யோசித்துக் குழம்ப வேண்டாம். இவை பிறப்பிலேயே வேறு வேறு சொற்கள். பழைய ஆங்கிலத்தில் பிளப்பதற்கு 'க்ளியோஃபன்', ஒட்டுவதற்கு 'க்ளிஃபியன்'. நூற்றாண்டுகள் போகப்போக ஒலி தேய்ந்து இரண்டும் ஒரே உருவத்தில் வந்து நின்றுவிட்டன. ஜெர்மன் மொழியில் இந்த விபத்து நடக்கவில்லை. அங்கே ஒட்டுவது 'க்ளேபென்', பிளப்பது 'க்ளீபென்'. பின்னது இப்போது ஆஸ்திரியா, பவேரியா பக்கத்துப் பேச்சுவழக்கில் விறகு பிளப்பதற்கு மட்டும் மிஞ்சியிருக்கிறது.

உறவுக்காரச் சொற்களைத் தெரிந்துகொண்டால் நினைவில் நிற்கும். 'க்ளெஃப்ட்', 'க்ளோவன்', பூண்டுப் பல்லைக் குறிக்கும் 'க்ளோவ்' ஆகியவை பிளக்கும் குடும்பம். களிமண்ணைக் குறிக்கும் 'க்ளே', பசையைக் குறிக்கும் 'க்ளூ' இரண்டும் ஒட்டும் குடும்பத்தின் தூரத்து உறவு.

சமையல் குறிப்பு படிப்பவர்களுக்கு இங்கே ஓர் எச்சரிக்கை. கிராம்புக்கும் ஆங்கிலத்தில் 'க்ளோவ்' என்றுதான் பெயர். ஆனால் அது ஆணி என்று பொருள்படும் லத்தீன் சொல்லிலிருந்து பிரெஞ்சு வழியாக வந்தது. கிராம்பின் உருவத்தைப் பார்த்தால் காரணம் புரியும். பூண்டுப் பல்லோடு அதற்கு எந்த உறவும் இல்லை. குறிப்பில் 'த்ரீ க்ளோவ்ஸ்' என்று மட்டும் இருந்தால் கிராம்பு. 'த்ரீ க்ளோவ்ஸ் ஆஃப் கார்லிக்', 'கார்லிக் க்ளோவ்ஸ்' என்று இருந்தால் பூண்டு. குழம்பில் மூன்று கிராம்பு போட வேண்டிய இடத்தில் மூன்று பல் பூண்டு போனால் சமாளித்துவிடலாம். பத்துப் பல் பூண்டு போட வேண்டிய இடத்தில் பத்துக் கிராம்பு விழுந்தால் அந்தக் குழம்பை வாயில் வைக்க முடியாது.

முதல் படி: வலப்பக்கம் பாருங்கள்

பொருளைக் கண்டுபிடிக்க வினைச்சொல்லையே உற்றுப் பார்த்துப் பயனில்லை. அதற்கு வலப்பக்கத்தில் என்ன நிற்கிறது என்று பாருங்கள்.

நேரடியாகச் செயப்படுபொருள் வந்தால் பிளத்தல். 'த என்ஸைம் க்ளீவ்ஸ் த புரோட்டீன்' என்றால் நொதி புரதத்தை வெட்டுகிறது. 'இன் டூ', 'இன்ட்டூ' என்று தொடர்ந்தாலும் பிளத்தல்தான். 'த்ரூ' வந்தால் கிழித்துக்கொண்டு போதல்: கப்பல் அலையைக் கிழிக்கிறது, விமானம் மேகத்தைக் கிழிக்கிறது.

வினைக்குப் பின் உடனே 'டு' வந்தால் ஒட்டுதல். 'ஷீ க்ளீவ்ஸ் டு ட்ரெடிஷன்' என்றால் அவள் மரபை விடாமல் பிடித்துக்கொண்டிருக்கிறாள். பழைய நூல்களில் இந்த இடத்தில் 'அன்ட்டூ' இருக்கும்.

பத்துக்கு ஒன்பது இடங்களில் இந்தச் சோதனையே போதும். மீதி ஒன்றுதான் தேர்விலும் மொழிபெயர்ப்பிலும் ஆளைக் கவிழ்க்கும். நோயெதிர்ப்பியல் பாடத்தில் 'சி3 இஸ் க்ளீவ்ட் டு சி3ஏ அண்ட் சி3பி' என்று எழுதுவார்கள். 'டு' இருக்கிறதே என்று 'சி3, சி3ஏ-யோடு ஒட்டிக்கொள்கிறது' என எழுதினால் பாடமே தலைகீழாகிவிடும். சி3 என்ற புரதம் வெட்டுப்பட்டு அந்த இரண்டு துண்டுகளாகிறது என்பதுதான் பொருள். எப்படித் தெரிந்துகொள்வது? வினை செயப்பாட்டு வடிவத்தில் இருக்கிறது. ஒட்டும் க்ளீவுக்குச் செயப்பாட்டு வினையே கிடையாது. ஆகவே 'இஸ் க்ளீவ்ட்', 'வாஸ் க்ளீவ்ட்', 'பீன் க்ளீவ்ட்' என்று எது வந்தாலும், பின்னால் 'டு' இருந்தாலும் இல்லாவிட்டாலும், அது வெட்டுதான்.

இன்னொரு பொறி பழைய போர்க்கதைகளில் இருக்கிறது. வாளால் ஒருவனை 'டு த சின்' பிளந்தான் என்று வரும். அங்கே 'டு' என்பது 'வரை': தலையில் விழுந்த வெட்டு தாடை வரை இறங்கியது. பின்னால் வருவது உடல் உறுப்பா, கொள்கையா என்று பார்த்தால் குழப்பம் தீரும். உறுப்பு வந்தும் ஒட்டுதலாக இருக்கும் இடம் ஒன்று உண்டு. அது மேல்வாயில் ஒட்டும் நாக்கு. அதைப் பிறகு பார்ப்போம்.

செயப்படுபொருளும் இல்லை, 'டு'வும் இல்லை என்றால்? 'மைக்கா க்ளீவ்ஸ் ஈஸிலி' போன்ற வாக்கியம் அது. அப்பிரகம் எளிதில் ஏடு ஏடாகப் பிரியும் என்பது அந்தப் பொருளின் இயல்பைச் சொல்வது. பிளத்தல்தான்.

இரண்டாம் படி: இறந்தகாலத்தைப் பிரித்தறியுங்கள்

ஒட்டும் க்ளீவ் எளியது. இறந்தகாலம் 'க்ளீவ்ட்', 'பாஸ்ட் பார்ட்டிசிபிள்' எனப்படும் எச்சமும் 'க்ளீவ்ட்'. அவ்வளவுதான்.

பிளக்கும் க்ளீவ்தான் தொல்லை. 'க்ளீவ்ட்', 'க்ளோவ்', 'க்ளெஃப்ட்' மூன்றும் அகராதியில் இறந்தகாலமாக இருக்கும். எச்சமாக 'க்ளீவ்ட்', 'க்ளோவன்', 'க்ளெஃப்ட்' இருக்கும். அகராதி மூன்றையும் சரி என்கிறது என்பதற்காக மூன்றையும் கலந்து எழுதக் கூடாது. ஆய்வுக்கூடத்தில் எதை வெட்டினாலும் 'க்ளீவ்ட்' மட்டும்தான். 'த டிஎன்ஏ வாஸ் க்ளோவன்' என்று ஆய்வுக் கட்டுரையில் எழுதினால் இலக்கணப் பிழை இல்லை, ஆனால் படிப்பவர் சிரிப்பார். 'க்ளோவ்' என்ற இறந்தகாலம் வீரக்கதைகளுக்கும் கவிதைக்கும் உரியது.

'க்ளெஃப்ட்' இன்று பெரும்பாலும் பெயரடை. உதட்டுப் பிளவு 'க்ளெஃப்ட் லிப்', அண்ணப் பிளவு 'க்ளெஃப்ட் பேலட்', நடுவில் குழி விழுந்த தாடை 'க்ளெஃப்ட் சின்'. இந்த இடங்களில் 'க்ளோவன்' போட முடியாது. அதேபோல் ஆடு, மாடு, பன்றியின் இரட்டைக் குளம்பு 'க்ளோவன் ஹூஃப்' மட்டுமே. கிறித்தவ ஓவிய மரபில் சாத்தானுக்கு ஆட்டுக்கால் உண்டு. அதனால் ஒருவர் தன் 'க்ளோவன் ஹூஃப்'பைக் காட்டிவிட்டார் என்று எழுதினால், உள்ளே இருந்த கெட்ட குணம் வெளியே வந்துவிட்டது என்று அர்த்தம். பிரிட்டிஷ் வழக்கில் 'இன் அ க்ளெஃப்ட் ஸ்டிக்' என்றால் இருதலைக்கொள்ளி நிலை.

'க்ளேவ்' என்று ஒரு வடிவம் கண்ணில் பட்டால் அது 1611-இல் வெளிவந்த கிங் ஜேம்ஸ் பைபிளின் நடை என்று வைத்துக்கொள்ளலாம். அதில் இரண்டு க்ளீவுக்கும் இறந்தகாலம் 'க்ளேவ்' என்று வரும். ஆதியாகமம் 22-ஆம் அதிகாரத்தில் ஆபிரகாம் தகனபலிக்கு விறகைப் பிளப்பதும் 'க்ளேவ்'. ரூத் முதல் அதிகாரத்தில் மருமகள் மாமியாரை விடாமல் பற்றிக்கொள்வதும் 'க்ளேவ்'. இங்கே வடிவத்தை வைத்து எதையும் முடிவு செய்ய முடியாது. 'அன்ட்டூ' இருக்கிறதா என்ற முதல் படிக்கே திரும்ப வேண்டும்.

ஃபைபர் வேலையில் க்ளீவ்

இன்றைக்கு இந்த வினைச்சொல்லை ஒரு நாளில் அதிகம் முறை வாயால் சொல்பவர்கள் அநேகமாக மொழிப் பேராசிரியர்கள் அல்ல, ஃபைபர் இணைப்பாளர்கள். 'ஸ்ட்ரிப், கிளீன், க்ளீவ், ஸ்ப்ளைஸ்' என்பது அந்தத் தொழிலின் வரிசை. அதில் 'க்ளீவ்' என்றால் 'வெட்டு' என்று மட்டும் புரிந்துகொண்டால் வேலை கெடும். கத்தரியால் நறுக்குவது 'கட்'. கண்ணாடி இழையில் ஒரு நுண்ணிய கீறல் போட்டு, அதை இழுத்தோ வளைத்தோ, முனை நேராகவும் வழவழப்பாகவும் வரும்படி உடைப்பதுதான் 'க்ளீவ்'.

வேலை இப்படிப் போகும். இணைப்பைக் காக்கும் சுருங்கு குழாயை முதலிலேயே இழையில் கோத்துவிடுங்கள். புதியவர்கள் மறப்பது இதைத்தான். இணைத்த பிறகு நினைவு வந்தால் இணைப்பை உடைத்து மறுபடி தொடங்க வேண்டும். பிறகு 250 மைக்ரான் பூச்சை உரித்து, 125 மைக்ரான் கண்ணாடியை வெளியே எடுங்கள். 30 முதல் 40 மில்லிமீட்டர் உரித்தால் போதும். நூல் பிரியாத துடைப்புத்தாளில் ஐசோபுரொப்பைல் ஆல்கஹால் நனைத்து இழையைத் துடையுங்கள். சுத்தமானால் கீச்சென்ற சத்தம் வரும். க்ளீவர் கருவியின் பள்ளத்தில் இழையை வையுங்கள். பூச்சு முடியும் இடம் அளவுகோலில் உங்கள் ஸ்ப்ளைசர் (இரண்டு இழைகளை உருக்கி இணைக்கும் கருவி) கேட்கும் மில்லிமீட்டரில் நிற்க வேண்டும். மூடியைச் சாத்தி, கத்தியைத் தள்ளுங்கள். கத்தி கீறும், கருவி இழையை வளைத்து உடைக்கும்.

க்ளீவ் செய்த பிறகு முனையைத் துடைக்கவே கூடாது. துடைப்பதெல்லாம் அதற்கு முன்பு. முனை எதிலும் படாமல் நேரே ஸ்ப்ளைசருக்குள் போக வேண்டும். உடைந்து விழும் துண்டு கண்ணுக்குச் சரியாகத் தெரியாது. தோலில் ஏறினால் எடுப்பது கடினம். மூடியுள்ள டப்பாவில் போடுங்கள், தரையில் தட்டிவிடாதீர்கள்.

ஸ்ப்ளைசர் திரையில் 'க்ளீவ் ஆங்கிள்' என்று இரண்டு பக்கத்துக்கும் ஓர் எண் வரும். முனை செங்குத்திலிருந்து எவ்வளவு சாய்ந்திருக்கிறது என்பதே அது. 'சிங்கிள் மோட்' எனப்படும் ஒற்றை முறை இழைக்கு ஒரு டிகிரிக்குள் இருக்கட்டும், அரை டிகிரிக்குள் இருந்தால் இன்னும் நல்லது. சாய்வு கூடினால் இழை பள்ளத்தில் முறுக்கிக்கொண்டிருந்தது, அல்லது பள்ளத்தில் தூசி இருக்கிறது. முனையில் சில்லு பெயர்ந்திருந்தால் கீறல் ஆழமாகிவிட்டது. ஓரத்தில் உதடுபோல் நீட்டிக்கொண்டிருந்தால் உடைப்பு நேராகப் போகாமல் கடைசியில் திரும்பிவிட்டது. எல்லா இழையிலும் ஒரே கோளாறு வந்தால் கத்தியின் அந்த இடம் மழுங்கிவிட்டது என்று பொருள். பல க்ளீவர்களில் வட்டக் கத்திக்கு 16 நிலைகள் இருக்கும், அடுத்த நிலைக்குத் திருப்புங்கள். 'பேட் க்ளீவ்' என்று ஒருவர் சொன்னால் இவற்றில் ஒன்றைத்தான் சொல்கிறார். 'ரீ-க்ளீவ்' என்றால் இன்னும் கொஞ்சம் உரித்து மறுபடி செய் என்று.

கனிமம், வைரம்

கனிமவியலாளர் ஒருவர் மேலே உள்ள பகுதியைப் படித்தால் முகம் சுளிப்பார். அவர் அகராதியில் கண்ணாடிக்கு க்ளீவேஜே கிடையாது. படிகத்துக்குள் அணுப் பிணைப்பு பலவீனமாக இருக்கும் தளத்தில் பிரிவதுதான் அவருக்குக் க்ளீவேஜ். கண்ணாடியில் படிக ஒழுங்கே இல்லை, அதனால் அது உடைவதெல்லாம் 'ஃப்ராக்சர்'. ஃபைபர்காரர்கள் சொல்லைக் கடன் வாங்கிக்கொண்டார்கள். தேர்வில் இந்த வேறுபாட்டுக்கு மதிப்பெண் உண்டு: க்ளீவேஜ் பிளவு, ஃப்ராக்சர் முறிவு.

எத்தனை திசையில் பிளக்கும் என்பதே கனிமத்தை அடையாளம் காண உதவும். அப்பிரகம் ஒரே திசையில் பிரியும், அதனால்தான் ஏடுகளாக உரிகிறது. கல்லுப்பு மூன்று திசையில், செங்கோணத்தில். பெரிய உப்புக்கல்லை உடைத்துப் பார்த்தால் சிறுசிறு பெட்டிகளாக வருவது இதனால். கால்சைட்டும் மூன்று திசைதான், ஆனால் செங்கோணம் இல்லை, பெட்டி சாய்ந்திருக்கும். ஃப்ளோரைட் நான்கு திசை. குவார்ட்ஸுக்குப் பிளவே இல்லை, சிப்பி போல் வளைந்து முறியும்.

வைரத்துக்கும் நான்கு திசைப் பிளவு உண்டு. மோஸ் அளவில் கடினத்தன்மை 10 என்பதால் வைரம் உடையாது என்று நினைப்பவர்கள் உண்டு. கடினத்தன்மை என்பது கீறலைத் தாங்குவது. சரியான தளத்தில் ஓர் அடி விழுந்தால் வைரம் இரண்டாகும். நகைத் தொழிலில் 'க்ளீவிங்' என்பது இதுதான்: கல்லைப் பிடிமானத்தில் பதித்து, இன்னொரு வைரத்தால் சிறு காடி எடுத்து, அதில் எஃகுத் தகட்டை நிறுத்தி ஒரே தட்டு. 1905-இல் தென்னாப்பிரிக்காவில் கிடைத்த 3,106 காரட் கல்லினன் வைரத்தை 1908-இல் ஆம்ஸ்டர்டாமில் யோசஃப் அஷர் பிளந்தார். முதல் தட்டில் தகடுதான் உடைந்தது, கல் அசையவில்லை. கடைசியில் அதிலிருந்து 9 பெரிய கற்களும் 96 சிறு கற்களும் கிடைத்தன. அவர் மயங்கி விழுந்தார் என்ற கதையை ஆதாரமாகக் கொள்ள வேண்டாம்.

நகைத் தொழில் கட்டுரையை மொழிபெயர்ப்பவர் 'க்ளீவ்', 'சா' இரண்டையும் 'வெட்டு' என்று எழுதிவிடக் கூடாது. க்ளீவ் பிளவுத் தளத்தோடு போவது. 'சா' என்பது அந்தத் தளம் அல்லாத திசையில் ரம்பம் போட்டு அறுப்பது. பிளத்தல், அறுத்தல் என்று தமிழில் நல்ல சொற்கள் இருக்கும்போது ஒன்றில் அடைக்க வேண்டியதில்லை.

மரமும் மட்டையும்

மரவேலையிலும் இதே வேறுபாடு. ரம்பம் நாரை அறுக்கும், பிளவு நாரோடு போகும். அதனால் பிளந்த பலகையும் கம்பும் வலுவானவை. ஈர மரத்தில் 'ஃப்ரோ' என்ற எல் வடிவக் கத்தியை வைத்து, மரச் சுத்தியால் அடித்து இறக்கி, பிடியை நெம்பிப் பிளப்பார்கள். எப்போதும் சரிபாதியாகப் பிளக்கத் தொடங்க வேண்டும். பிளவு ஒரு பக்கம் ஒதுங்கினால் அந்தப் பக்கம் மெலிந்துகொண்டே போகும். தடித்த பக்கத்தை அழுத்தி வளைத்தால் பிளவு மறுபடி நடுவுக்கு வரும்.

கிரிக்கெட் மட்டை வாங்குபவர்களுக்கு 'க்ளெஃப்ட்' என்ற சொல் தெரிந்திருக்கும். வில்லோ மரத்தடியைச் சுமார் 28 அங்குல நீளத்துக்கு அறுத்து, ஆப்பு அடித்து நாரோடு பிளந்தெடுக்கும் கட்டைதான் க்ளெஃப்ட். ஈரம் ஒரே சீராக வெளியேற அதன் முனைகளில் மெழுகு பூசிக் காயவைப்பார்கள். மீரட், ஜலந்தர் பட்டறைகள் இங்கிலாந்திலிருந்து வாங்குவதும், காஷ்மீரில் அனந்த்நாக் பக்கம் தயாராவதும் இதுவே. விளம்பரத்தில் 'கிரேடு ஒன் க்ளெஃப்ட்' என்று இருந்தால் முதல்தரக் கட்டை என்று பொருள். விரிசல் விட்ட மட்டை என்று பயந்து பக்கத்தை மூடிவிடாதீர்கள்.

ஆய்வுக்கூடமும் மருத்துவ அறிக்கையும்

உயிர்வேதியியலில் க்ளீவ் என்றால் குறிப்பிட்ட பிணைப்பைக் குறிப்பிட்ட இடத்தில் வெட்டுதல். டிரிப்ஸின் நொதி லைசின், ஆர்ஜினின் ஆகிய அமினோ அமிலங்களுக்குப் பின்னால் வெட்டும். அடுத்து புரோலின் இருந்தால் பொதுவாக வெட்டாது. ஈகோஆர்1 என்ற நொதி டிஎன்ஏவில் ஜிஏஏடிடிசி என்ற வரிசையைத் தேடிப் பிடித்து, ஜி-க்கும் ஏ-க்கும் நடுவே வெட்டும். வெட்டியதும் நான்கு எழுத்து நீளத்துக்கு ஓரிழை நீட்டிக்கொண்டு நிற்கும். அதற்கு 'ஸ்டிக்கி எண்ட்', அதாவது ஒட்டும் முனை என்று பெயர். க்ளீவின் இரண்டு பொருளையும் ஒரே நொதி செய்து காட்டுகிறது என்று வேண்டுமானால் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். எழுதும்போது 'க்ளீவ்', 'டைஜெஸ்ட்' இரண்டையும் கலக்காதீர்கள். ஒரு பிணைப்பு வெட்டுப்படுவது க்ளீவ். மாதிரி முழுவதையும் நொதியில் ஊறவைத்துத் துண்டாக்கும் செயல்முறை டைஜெஸ்ட்.

சர்க்கரை நோயாளிகள் சிலருக்கு 'சி-பெப்டைட்' பரிசோதனை எழுதிக்கொடுப்பார்கள். கணையத்தில் முதலில் உருவாவது புரோஇன்சுலின். அது க்ளீவ் ஆகும்போது ஒரு பக்கம் இன்சுலின், இன்னொரு பக்கம் சி-பெப்டைட். ஊசியில் போடும் இன்சுலினில் சி-பெப்டைட் இல்லை. ஆகவே அதை அளந்தால் உடல் சொந்தமாக எவ்வளவு இன்சுலின் சுரக்கிறது என்று தெரிந்துவிடும்.

கருத்தரிப்பு மைய அறிக்கையில் 'க்ளீவேஜ் ஸ்டேஜ் எம்ப்ரியோ' என்று பார்த்தால் கரு உடைந்துவிட்டதோ என்று பதற வேண்டாம். கருவுற்ற ஒரு செல் இரண்டு, நான்கு, எட்டு எனப் பிரியும் இரண்டாம், மூன்றாம் நாள் நிலை அது. கருவின் மொத்த அளவு பெரிதாகாமல் உள்ளே செல்களின் எண்ணிக்கை மட்டும் கூடும். ஐந்தாம் நாள் வாக்கில் வருவது 'பிளாஸ்டோசிஸ்ட்'.

ஒட்டும் க்ளீவை எங்கே பயன்படுத்தலாம்?

பெரும்பாலும் எங்கேயும் வேண்டாம். அந்தச் சொல்லில் ஞாயிற்றுக்கிழமை தேவாலய மணம் இன்னும் இருக்கிறது. கிங் ஜேம்ஸ் பைபிளின் ஆதியாகமம் 2:24-இல் கணவன் தாய் தகப்பனை விட்டு மனைவிக்கு 'க்ளீவ்' செய்வான் என்று வருகிறது. தமிழ் வேதாகமத்தில் அதே இடம் 'தன் மனைவியோடே இசைந்திருப்பான்'. ஒட்டுவான் என்று எழுதாமல் இசைந்திருப்பான் என்று போட்ட மொழிபெயர்ப்பாளர்களின் காது கூர்மையானது. சங்கீதம் 137-இல் எருசலேமை மறந்தால் நாக்கு மேல்வாயோடு ஒட்டிக்கொள்ளட்டும் என்ற இடத்திலும் இதே வினைதான். நாவறண்டு போவதைச் சொல்லும் ஆங்கில இலக்கிய வாக்கியங்கள் பல இதிலிருந்து கிளைத்தவை.

இன்று இது ஆங்கில நாளிதழ்த் தலையங்கத்திலும் வரலாற்று நூல்களிலும் வரும். கட்சி தன் பழைய கொள்கைக்கு க்ளீவ் செய்கிறது, ஒருவர் தன் நம்பிக்கைக்கு க்ளீவ் செய்கிறார் என்ற அளவில். அலுவலக மின்னஞ்சலில் 'வீ ஷுட் க்ளீவ் டு த டெட்லைன்' என்று எழுதினால் நாடக வசனம்போல் இருக்கும். 'ஸ்டிக் டு' எழுதுங்கள். ஒப்பந்தம், விதிமுறை என்றால் 'அட்ஹியர் டு'. காகிதமோ ஸ்டிக்கரோ சுவரில் ஒட்டுவதற்கும் க்ளீவ் வராது. தமிழாக்கும்போது 'பற்றியிரு', 'விடாப்பிடியாக நில்', 'ஒன்றியிரு' என்று இடத்துக்கேற்ப எடுத்துக்கொள்ளலாம். 'பிசின்போல் ஒட்டியிரு' என்றால் கேலி ஏறிவிடும்.

க்ளீவேஜ், க்ளெஃப்ட் வாக்கியம், க்ளீவர்

'க்ளீவேஜ்' பெயர்ச்சொல் எப்போதும் பிளக்கும் பக்கம்தான். ஒட்டுதலுக்கு அதிலிருந்து பெயர்ச்சொல் இல்லை. சட்டையின் கழுத்துக்குக் கீழே தெரியும் மார்பிடைப் பிளவுக்கும் இதே சொல் என்பதால், துறைப் பெயர் சேர்க்காமல் தனியாக எழுதுவதைத் தவிர்ப்பது நல்லது. 'மினரல் க்ளீவேஜ்', 'பாண்ட் க்ளீவேஜ்', 'சோஷியல் க்ளீவேஜ்' என்று எழுதினால் சிக்கல் இல்லை. அரசியலறிவியலில் வரும் கடைசியது 1967-இல் லிப்செட், ரொக்கான் என்ற இருவர் எழுதிய ஆய்வுக்குப் பின் பரவியது. மையம் எதிர் விளிம்பு, அரசு எதிர் திருச்சபை, நிலம் எதிர் தொழில், முதலாளி எதிர் தொழிலாளி என்று ஐரோப்பியக் கட்சிகள் பிரிந்து நின்ற கோடுகளை அவர்கள் விளக்கினார்கள். இங்கே 'பிளவு' என்று மட்டும் எழுதினால் கட்சி உடைந்தது என்று படிப்பவர் நினைப்பார். 'பிளவுக்கோடு' பொருந்தும்.

இலக்கணத்தில் 'க்ளெஃப்ட் சென்டன்ஸ்' என்று ஒன்று உண்டு. டேனிஷ் மொழியியலாளர் ஓட்டோ யெஸ்பெர்சன் 1937-இல் வைத்த பெயர். 'ரவி ப்ரோக் த கிளாஸ்' என்ற ஒரு வாக்கியத்தை 'இட் வாஸ் ரவி ஹூ ப்ரோக் த கிளாஸ்' என்று இரண்டு பகுதியாகப் பிளந்து, ரவியை முன்னால் நிறுத்துவது. நமக்கு இது புதிதல்ல. 'ரவி கண்ணாடியை உடைத்தான்' என்பதை 'கண்ணாடியை உடைத்தது ரவிதான்' என்று தினமும் மாற்றிப் பேசுகிறோம். பள்ளிக் குழந்தைக்கு இந்தப் பாடத்தைச் சொல்லித்தர ஆங்கிலத்தில் தொடங்காமல் தமிழ் வாக்கியத்திலிருந்து தொடங்கினால் ஐந்து நிமிடத்தில் முடியும்.

'க்ளீவர்' கறிக்கடை வெட்டுக்கத்தி. கடையில் வாங்கும்போது கவனம்: எலும்பு வெட்டும் கத்தி தடித்து, கனமாக இருக்கும். சீனச் சமையல் கத்தியும் அதே செவ்வக உருவம், அதையும் ஆங்கிலத்தில் 'சைனீஸ் க்ளீவர்' என்றே விற்பார்கள். ஆனால் அதில் பெரும்பாலானவை காய்கறிக்கான மெல்லிய தகடு. அதால் ஆட்டெலும்பை வெட்டினால் விளிம்பு சில்லு சில்லாகப் போகும். பெயரைப் பார்க்காமல் முதுகுத் தடிமனைப் பாருங்கள்.

எழுத்துப் பிழை ஒன்று அடிக்கடி நடக்கிறது. 'க்ளீவர்' என்ற சொல்லில் இ-க்குப் பின் ஏ விட்டுப்போனால் 'க்ளெவர்' ஆகிவிடும். கணினியின் எழுத்துப் பிழை திருத்தி இதைப் பிடிக்காது, ஏனென்றால் இரண்டுமே அகராதியில் உள்ள சொற்கள். ஃபைபர் கருவிக்கு விலைப்புள்ளி கேட்டு அனுப்பும் கடிதத்தில் இதை ஒருமுறை கண்ணால் சரிபார்த்துவிட்டு அனுப்புங்கள்.